வேலியோரத்தில் நிற்கும் சவுக்காரம்

சந்தை நாளன்று வீடு திரும்பும் மானாவாரிக் குடியானவரின் பையில் உப்பு, புளி, மிளகாயோடு நாலு கட்டி சோப்பும் ஒரு சரம் ஷாம்பு பாக்கெட்டும் இருக்கின்றன. அவர் நடந்து வரும் வழியில் அவருடைய காட்டு வேலியில் உசிலை மரம் நிற்கிறது. வரப்போரம் பூவந்தி மரம் நிற்கிறது. தரிசில் ஆவாரை பூத்துக் கிடக்கிறது. இவற்றைக் கடந்துதான் சோப்பு வீட்டுக்குள் நுழைகிறது. வீட்டில் பணமுடை வந்தால் முதலில் விறகுக்குப் போவதும் அந்த உசிலைதான். இந்தக் கணக்கு சரிதானா என்று சிறு விவசாயிகள் யோசித்துப் பார்க்க வேண்டும்.

உசிலையின் இலைத்தூள்தான் அரப்பு. சேலம், நாமக்கல், கரூர், திண்டுக்கல், மதுரைப் பக்கங்களில் எண்ணெய் தேய்த்துக் குளிப்பவர்களுக்கு அரப்பு புதிதல்ல. உசிலம்பட்டி என்ற ஊர்ப் பெயரிலேயே இந்த மரம் இருக்கிறது. 1980களில் ஷாம்பு சிறு பாக்கெட்டுகளாகக் கிராமத்துப் பெட்டிக்கடைகளுக்கு வந்தது. அதற்குப் பின் அரப்பு இடிப்பது பாட்டிமார் வேலை என்று ஒதுக்கப்பட்டது. இடிக்கத் தெரிந்தவர்கள் குறைந்தால், மரத்தின் அருமை தெரிந்தவர்களும் குறைந்து போவார்கள். அருமை தெரியாத மரத்தைக் கோடரியிலிருந்து காப்பாற்ற யாரும் வரமாட்டார்கள்.

உப்புத் தண்ணீரும் சோப்பும்

ஆழ்துளைக் கிணறு உள்ள வறண்ட பகுதிகளில் தண்ணீர் கடினமாக இருப்பது வழக்கம். அதில் உள்ள சுண்ணாம்புச் சத்து சோப்போடு சேர்ந்து வெள்ளையாகத் திரிந்துவிடுகிறது. நுரை வருவதில்லை. அந்தத் திரிவு உடம்பிலும் தலைமுடியிலும் பிசுபிசுவென ஒட்டிக்கொள்கிறது. ஒரு மாதம் வரவேண்டிய கட்டி அதற்கு முன்பே கரைந்துவிடுகிறது. சோப்பு காரத்தன்மை உடையது. மனிதத் தோலோ சற்றே புளிப்புத் தன்மை உடையது. வெயிலில் வேலை செய்து வறண்ட தோலை அடிக்கடி சோப்புப் போட்டுக் கழுவினால் மேலும் வறண்டு வெடிப்பதற்கு இதுவே காரணம்.

சீயக்காயிலும் பூவந்தித் தோலிலும் உள்ள நுரைப்பொருளுக்கு சப்போனின் என்று பெயர். அது எண்ணெய்ப் பிசுக்கைப் பற்றித் தண்ணீரோடு கொண்டு போகிறது. கடினத் தண்ணீரில் அது சோப்பைப் போலத் திரிவதில்லை. நுரை குறைவாக இருந்தாலும் அழுக்கு போகும். பட்டுத் துணியை வெளுக்கவும், பொன் நகையைத் துலக்கவும் பூவந்தியை நம் முன்னோர் பயன்படுத்தியது சும்மா அல்ல.

செய்யும் முறை

உசிலை மழைக்குப் பின் நன்றாகத் தழைத்திருக்கும் சமயம் தொரட்டியால் பக்கக் கிளைகளை மட்டும் கழிக்க வேண்டும். மரத்தின் தழையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் கழிப்பது கூடாது. கிளைகளை நிழலில் துணி விரித்து உலர்த்தினால் சிற்றிலைகள் தாமே உதிரும். காம்பைப் புடைத்து நீக்கி, இலையை உரலில் இடித்து, மெல்லிய துணியில் சலித்தால் அரப்பு தயார். மிஞ்சிய குச்சி அடுப்புக்கு ஆகும். எண்ணெய்க் குளியலின்போது இந்தத் தூளை வடித்த கஞ்சியிலோ வெந்நீரிலோ குழைத்துத் தேய்க்கலாம்.

பூவந்திக் காய் பழுத்து உதிர்ந்ததும் பொறுக்கி, கொட்டையை நீக்கித் தோலை மட்டும் காய வைக்க வேண்டும். ஏழெட்டுத் தோலை இரவு தண்ணீரில் ஊறப்போட்டுக் காலையில் பிசைந்து வடிகட்டினால் கை, கால் கழுவ நுரைநீர் கிடைக்கும். இது ஓரிரு நாளில் கெட்டுவிடும். ஆகவே அன்றன்றைக்கு வேண்டிய அளவே ஊறவைக்க வேண்டும்.

தினசரிக் குளியலுக்குப் பயற்றம் பொடி ஏற்றது. விலைக்குப் போகாத சில்லுப் பாசிப்பயறு 1 கிலோ, நிழலில் காய்ந்த ஆவாரம்பூ 100 கிராம், கோரைக்கிழங்கு 100 கிராம், அரப்பு 100 கிராம் சேர்த்து அரைத்துச் சலித்துக் கொள்ளலாம். பூஞ்சணம் பிடித்த பயறு உதவாது. வயலில் களையென்று பிடுங்கி எறியும் அந்தக் கோரையின் கிழங்குதான் இதற்கு மணம் தருகிறது. மண்ணைக் கழுவி, மேல் நாரைத் தேய்த்து நீக்கி, நறுக்கிக் காய வைத்தால் போதும். பொடியை ஈரம் படாத டப்பாவில் வைத்து, ஈரக் கையை அதில் விடாமல் எடுத்தாள வேண்டும்.

எங்கே கூடாது?

செடியில் வந்தது என்பதால் எல்லாம் நல்லது என்று எண்ணுவதும் தவறு. அரப்பும் பூவந்தி நுரையும் கண்ணில் பட்டால் கடுமையாக எரியும். குழந்தைகள் விஷயத்தில் கவனம் தேவை. முதலில் முழங்கையின் உட்புறத்தில் சிறிது தடவி ஒரு நாள் பார்த்த பிறகே உடம்புக்குப் பயன்படுத்த வேண்டும். புண், சொறி, படை உள்ள இடத்தில் பூசிக் காலம் கடத்தாமல் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போவதே முறை.

சிலர் குளியல் பொடியில் கார்போகரிசி சேர்க்கிறார்கள். அதைப் பூசி வெயிலில் நின்றால் தோல் கருத்துக் கொப்புளிக்கக் கூடும். பகலெல்லாம் காட்டில் வேலை செய்பவர்களுக்கு அது ஆகாது. பூவந்தித் தண்ணீர் மீன்களைக் கொல்லும். அதைக் குளத்திலோ மீன் வளர்க்கும் குட்டையிலோ விடக் கூடாது. களைக்கொல்லி அடித்த வரப்பிலிருந்து கோரையும், மருந்தடித்த பருத்திக் காட்டு ஓரத்திலிருந்து ஆவாரம்பூவும், வண்டிப் புகை படியும் சாலையோரத்திலிருந்து எந்த இலையும் எடுப்பது கூடாது.

பூச்சிமருந்து தெளித்த பிறகும், மலம் கழித்த பிறகும், சாப்பிடும் முன்பும் சோப்பும் தாராளமான தண்ணீரும்தான் வேண்டும். அங்கே அரப்பை நம்பக் கூடாது. ஆகவே வீட்டில் சோப்பே வேண்டாம் என்பதல்ல வாதம். கை கழுவ ஒரு கட்டி இருக்கட்டும். உடம்புக்கும் தலைக்கும் வேலியே தரட்டும் என்பதுதான்.

நேரம் ஏது?

இதற்கெல்லாம் நேரம் ஏது, சில ரூபாய்க்குக் கடையில் கிடைக்கிறதே என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான். காடு கழனி வேலையோடு இடிப்பதும் சலிப்பதும் வீட்டுப் பெண்கள் தலையிலேயே விழுந்தால் இந்த வழக்கம் நிலைக்காது. தழை கழிப்பதும் சுமப்பதும் ஆண்கள் வேலையாக இருக்கட்டும். இடிப்பதற்கு மாவு மில் இருக்கிறது. ஆண்டுக்கு இரண்டு தரம் உட்கார்ந்தால் ஒரு குடும்பத்துக்கு வேண்டியது கிடைத்துவிடும். மாதம் 4 கட்டி வாங்கும் வீட்டில் ஆண்டுக்கு 48 கட்டி ஆகிறது. அதில் பாதி மிஞ்சினாலும் கூலிக்காரக் குடும்பத்துக்கு அது கைக்காசு.

விற்கலாமே என்ற ஆசையும் வரும். வீட்டுக்குச் செய்துகொள்ள யார் உத்தரவும் வேண்டியதில்லை. ஆனால் குளியல் பொடியாகத் தயாரித்து விற்க 1940ஆம் ஆண்டு மருந்து, அழகுசாதனப் பொருள் சட்டத்தின் கீழ் உரிமம் பெற வேண்டும். சீயக்காய்க்காகக் காப்புக்காட்டில் நுழைவதும் கூடாது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டப்படி அங்குள்ள சிறு வனப்பொருள்களைச் சேகரிக்கும் உரிமை காட்டில் வாழும் மக்களுக்கு உண்டு. அவர்களிடம் நியாயமான விலைக்கு வாங்குவதே அழகு.

முடிவாக, பேச்சு மரத்துக்கே வந்து நிற்கிறது. உசிலை வறட்சியைத் தாங்கும், சரளை மண்ணிலும் நிற்கும், கழித்தால் துளிர்க்கும். ஆட்டுக்குத் தழை, வயலுக்குத் தழையுரம், பயிருக்கு அரப்பு மோர்க் கரைசல், வீட்டுக்கு அரப்பு என்று நாலு வழியிலும் உதவுகிறது. ஆனால் அது சட்டென்று வளரும் மரம் அல்ல. விறகு விலை ஒரு தடவைதான் கைக்கு வரும். தழை ஆண்டுதோறும் வரும். வேலியில் நிற்கும் உசிலையை இந்த ஆண்டு வெட்ட நினைத்திருப்பவர்கள், அதற்கு முன் ஒரு தடவை தழையைக் கழித்து அரப்பு இடித்துப் பார்க்கட்டும். கோடரியை எடுப்பதா வேண்டாமா என்பதைப் பிறகு முடிவு செய்துகொள்ளலாம்.