பத்தாம் வகுப்பில் போடும் சண்டையை ஒன்றாம் வகுப்பில் போடுங்கள்

ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு ஜமாஅத் பெரியவர்களுக்கும், பள்ளி நடத்தும் கல்விச் சங்கத்தாருக்கும், காலையில் கம்பெனி பஸ்ஸுக்கு ஓடும் தாய்மார்களுக்கும் எழுதுகிறேன். தமிழும் தெலுங்கும் பேசும் அக்கம்பக்கத்தாரே, இந்த மடல் உங்களுக்கும் சேர்த்துத்தான்.

பொதுத்தேர்வு நெருங்கினால் நம்மூர் வாட்ஸ்அப் குழுக்களில் தமிழ்த் தாள் பேச்சு கிளம்பிவிடும். தமிழைக் கட்டாயப் பாடமாக்கிய 2006-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றாம் வகுப்பில் தொடங்கி, ஆண்டுக்கு ஒரு வகுப்பாக ஏறி, 2015-16இல் பத்தாம் வகுப்பைத் தொட்டது. அதற்குப் பிறகு கோர்ட், விலக்கு, மேல்முறையீடு என்று ஓடிக்கொண்டிருக்கிறது. 2023 பிப்ரவரியில், தேர்வுக்கு இரண்டே மாதம் இருக்கும்போது, நம் உருதுப் பிள்ளைகளைப் போன்ற மொழிச் சிறுபான்மை மாணவர்களுக்கு அந்த ஆண்டு மட்டும் உச்ச நீதிமன்றம் விலக்கு தந்தது. அன்று எனக்கு வந்த மெசேஜ்களில் பட்டாசுப் படம்கூட இருந்தது.

பட்டாசு வெடிக்க அதில் என்ன இருக்கிறது? தமிழ்நாட்டிலேயே பிறந்து வளர்ந்த பிள்ளைக்கு ஒரு தமிழ்த் தாள் எழுத வராது என்று நாமே கோர்ட்டில் போய்ச் சொல்லி ஜெயித்திருக்கிறோம். அதே பிள்ளை நாளைக்கு டிஎன்பிஎஸ்சி எழுதப் போனால் தமிழ்த் தகுதித் தாளில் தேறாமல் மற்ற தாளைத் திருத்தவே மாட்டார்கள். அங்கே யாரிடம் விலக்கு கேட்பது? வழக்குப் போட்டவர்களைக் குறை சொல்லவில்லை. கற்றுக்கொடுக்காத பாடத்தில் பரீட்சை வைப்பது அநியாயம்தான். ஆனால் அந்த அநியாயம் ஐந்து வயதிலேயே நடந்து முடிந்துவிடுகிறது.

என் ஆபாவின் (அக்காவின்) பேத்தி ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த வருடம் வீடியோ காலில் தன் நோட்டைக் காட்டினாள். வலப்பக்க அட்டையைத் திறந்தால் அலிஃப், பே. இடப்பக்க அட்டையைத் திறந்தால் அ, ஆ. ஒரே நோட்டு, இரண்டு முனையிலிருந்தும் எழுத்து நடுவை நோக்கி வருகிறது. படகு படத்துக்குக் கீழே ‘படகு’ என்று அச்சுப்போல எழுதியிருந்தாள். அது என்னவென்று கேட்டேன், தெரியவில்லை. தமிழ் டீச்சருக்கு உருது தெரியாது. உருது டீச்சர் தமிழ்ப் பாடத்தைத் தொடுவதில்லை. அந்தக் குழந்தை வீட்டில் பேசுவதோ நம்ம தக்கினி உருது; புத்தகத்து உருதே அவளுக்குப் பாதி அந்நியம். அவள் அண்ணன் அதைவிடக் கெட்டிக்காரன். தமிழ்ப் பாட விடைகளை உருது எழுத்தில் எழுதிவைத்து மனப்பாடம் செய்து பாஸாகிவிடுகிறான்.

இதே சிக்கலை அமெரிக்காவிலும் பார்க்கிறேன். நான் இருக்கும் எல் பாசோ டெக்சாஸின் மேற்கு மூலை. ஆற்றைத் தாண்டினால் மெக்சிகோ. நம்மூரைப் போலவே தோலை நம்பியிருப்பவர்கள் இங்கேயும் உண்டு. இங்கே செய்வது கௌபாய் பூட். கட்டிங் டேபிளில் என் பக்கத்தில் நிற்பவர்கள் வீட்டில் ஸ்பானிஷ் பேசுகிறவர்கள். அவர்களுடைய தாத்தா காலத்தில் பள்ளியில் ஸ்பானிஷில் வாயைத் திறந்தால் அடி விழும். ஆங்கிலம் தவிர வேறு மொழியில் பாடம் நடத்துவதையே 1918இல் டெக்சாஸ் குற்றமாக்கியிருந்தது. பின்னாளில் ஜனாதிபதியான லிண்டன் ஜான்சன் 1928இல் கோட்டுல்லா என்ற சிற்றூரில் மெக்சிகக் குழந்தைகளுக்கு வாத்தியார். பள்ளி மைதானத்தில் ஸ்பானிஷ் பேசிய பையன்களைத் தண்டித்தவர். நாற்பது வருடம் கழித்து, 1968 ஜனவரியில், இருமொழிக் கல்விச் சட்டத்தில் கையெழுத்துப் போட்டவரும் அவரே. ஐந்து வருடத்தில் டெக்சாஸும் சட்டம் போட்டது: ஒரு கல்வி மாவட்டத்தில் ஒரே வகுப்பில் ஆங்கிலம் சரியாக வராத, ஒரே வீட்டு மொழிக் குழந்தைகள் இருபது பேர் இருந்தால் தொடக்கப் பள்ளியில் இருமொழி வகுப்பு நடத்தியாக வேண்டும்.

அப்படி ஒரு வகுப்பில் போய் உட்கார்ந்து பார்த்தேன். சுவரில் ஸ்பானிஷ் அட்டைகள் சிவப்பில், ஆங்கில அட்டைகள் நீலத்தில். டீச்சர் ஒருவரே. கழித்தல் கணக்கை ஸ்பானிஷில் சொல்லிக்கொடுத்தார். மறுநாள் அதே கணக்கை ஆங்கிலத்தில் தொடர்ந்தார், முதலிலிருந்து ஆரம்பிக்கவில்லை. கழித்தல் பிள்ளைக்கு ஏற்கெனவே புரிந்துவிட்டதால் அதன் ஆங்கிலப் பேச்சை மட்டும் பிடித்துக்கொண்டால் போதும். ஒரு பையன் ஆங்கில வாக்கியத்தின் நடுவே ஸ்பானிஷ் போட்டான். டீச்சர் அதட்டவில்லை, முழு வாக்கியத்தையும் ஆங்கிலத்தில் சொல்லிக்காட்டிவிட்டு மேலே போனார். அந்தப் பையன் எந்த இடத்தில் தடுக்குகிறான், ஏன் தடுக்குகிறான் என்பது அவருக்குத் தெரியும். வகுப்பின் உயிர் அங்கேதான் இருந்தது. சிவப்பும் நீலமும் வெறும் அலங்காரம்.

இங்கே எல்லாம் சொர்க்கம் என்று நினைத்துவிடாதீர்கள். 1996இல் லாஸ் ஏஞ்சலஸில் நைன்த் ஸ்ட்ரீட் பள்ளிக்குப் பிள்ளைகளை அனுப்ப மாட்டோம் என்று பெற்றோர் போராடினார்கள். கார்மென்ட் தொழிற்கூடங்களில் தையல் மெஷினில் உட்காரும் மெக்சிகத் தாய்மார்கள், நம்மூரில் ஷூ அப்பர் தைக்கும் பெண்களைப் போலவே. அவர்களுடைய குறை: வருடக்கணக்கில் ஸ்பானிஷிலேயே வைத்திருக்கிறீர்கள், ஆங்கிலம் எப்போது? இரண்டு வருடத்தில் கலிஃபோர்னியா ஓட்டுப் போட்டு இருமொழி வகுப்புகளைப் பெரும்பாலும் மூடிவிட்டது. 2016இல் இன்னொரு ஓட்டு, ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு ஓட்டு ஆதரவோடு திரும்பத் திறந்தார்கள். இடைப்பட்ட பதினெட்டு வருடத்துப் பிள்ளைகளுக்கு யார் பதில் சொல்வது?

நம்மூர்த் தாய்மார்கள் உருதுப் பள்ளியை விட்டு இங்கிலீஷ் நர்சரிக்குப் போவதும் அதே கோபத்தில்தான். ‘உருது சோறு போடுமா’ என்று கேட்பவரை மொழிப்பற்று இல்லாதவர் என்று மேடையில் திட்டுவது எனக்குப் பிடிப்பதில்லை. அவர் கேட்பதில் நியாயம் இருக்கிறது. தாய்மொழிப் பள்ளி என்று பெயர் வைத்துவிட்டுத் தெருவின் மொழியைத் தள்ளிப்போட்டால் பெற்றோர் ஓடத்தான் செய்வார்கள். ஆனால் ஓடிப்போய்ச் சேர்கிற இடத்திலும் ‘ரெயின் ரெயின்’ பாட்டை, ‘படகு’ என்று எழுதியதைப் போலவே, பொருள் தெரியாமல்தான் பிள்ளை ஒப்பிக்கிறது. உருது மூன்று வருடம் முடியட்டும், பிறகு தமிழ் என்பதும் தப்பு. உருதே வேண்டாம் என்பதும் தப்பு. முதல் நாளிலிருந்து இரண்டும் வேண்டும், இரண்டும் தெரிந்த ஒரே டீச்சரிடமிருந்து.

இதைக் கேட்க நமக்கு உரிமை இல்லாமல் இல்லை. மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தொடக்கக் கல்வி தாய்மொழியில் கிடைக்க வசதி செய்ய வேண்டும் என்ற 350-ஏ பிரிவு 1956இல் அரசியல் சட்டத்தில் சேர்ந்தது. அதற்கும் முன்பே, 1949இல், மாகாணக் கல்வி அமைச்சர்கள் மாநாடு ஒரு கணக்குச் சொன்னது: பள்ளியில் நாற்பது பேர், அல்லது ஒரு வகுப்பில் பத்துப் பேர் இருந்தால் அந்த மொழிக்கு ஆசிரியர் போட வேண்டும். டெக்சாஸ் இருபது என்று எண்ணுவதற்கு இருபத்து நான்கு வருடம் முன்பே நாம் பத்து என்று எண்ணிவிட்டோம்! உருது ஆசிரியர் ஓய்வு பெற்றால் இடம் காலியாகக் கிடப்பதும், தமிழ் டீச்சராக வருபவருக்குப் பிள்ளையின் பேச்சு புரியாமல் இருப்பதும் காகிதத்தில் உள்ளதைக் கேட்டு வாங்காததால்தான். குடியாத்தம் பக்கத்துத் தெலுங்கு வீட்டுப் பிள்ளைகளுக்கும் இதே கணக்கு செல்லும். சேர்ந்து கேட்டால் குரல் பெரிதாகும்.

ஜூன் சேர்க்கைக்கு முன் ஒவ்வொரு மொஹல்லாவிலும் ஐந்து வயதுப் பிள்ளைகளின் பட்டியல் எடுங்கள். எந்தப் பள்ளியில் எத்தனை பேர், வீட்டில் என்ன மொழி, அவ்வளவு போதும். அந்தப் பட்டியலோடு கலெக்டரிடம் போங்கள், வக்கீலிடம் பிறகு போகலாம். 2019இல் திருப்பத்தூர் தனி மாவட்டமான பிறகு, ஆம்பூர், வாணியம்பாடிக்காரர்களுக்குக் கலெக்டர் ஆபீஸ் ஒன்றும் வேலூர் தூரமில்லை. அரசு ஆசிரியர் வரும்வரை காத்திருக்க வேண்டியதும் இல்லை. பிளஸ் டூ முடித்து வீட்டில் இருக்கும், உருதும் தமிழும் சரளமாகப் பேசும் பெண்கள் நம் ஊரில் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். அவர்களை ஆசிரியர் பயிற்சிக்கு அனுப்பும் செலவு, எக்ஸ்போர்ட் ஷூ கம்பெனி நடத்தும் சங்க நிர்வாகிகளுக்கு ஒரு கண்காட்சி ஸ்டால் வாடகைகூட ஆகாது. முதல் பெண்ணின் பயிற்சிக் கட்டணத்தை நான் ஏற்கிறேன். எந்தச் சங்கம் பொறுப்பெடுக்கிறது என்று மட்டும் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
எல் பாசோவிலிருந்து உங்கள் ஆம்பூர்க்காரன்