கல்லும் மடலும்

ஒரு கவிஞருக்குச் சிலை எடுத்தவர்கள், பிறகு அவருடைய வாழ்க்கையைப் பற்றிப் பேசாதீர்கள் என்று பிறர் வாயை அடைக்க முடியாது. பிலிப் லார்கின் என்னும் ஆங்கிலக் கவிஞரைப் பற்றி இங்கிலாந்தில் முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக நடந்துவரும் வழக்கைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது இதுதான். தமிழாசிரியனுக்கு ஆங்கிலக் கவிஞரிடம் என்ன வேலை என்று அன்பர்கள் சிலர் கேட்கக்கூடும். பிள்ளைகளுக்குச் செய்யுள் கற்பிக்கும் எவருக்கும் இவ்வழக்கில் வேலை உண்டு. ஆசிரியர் குறிப்பைக் கரும்பலகையில் எழுதிவிட்டுத்தானே நாம் பாட்டையே தொடங்குகிறோம்!

லார்கின் 1922இல் கொவென்ட்ரி நகரில் பிறந்தவர். 1955 முதல் 1985இல் இறக்கும்வரை ஹல் பல்கலைக்கழகத்தின் நூலகர். வாழ்நாளில் அவர் வெளியிட்ட முதன்மையான கவிதைத் தொகுப்புகள் நான்கே. எல்லாம் மெலிந்த நூல்கள். முதுமை, தனிமை, இறப்பு அச்சம், நிறைவேறாத ஆசை ஆகியவற்றை எளிய சொற்களில் அவரைப்போல் எழுதியவர் அவர் காலத்தில் அரிது. 1984இல் அரசவைக் கவிஞர் பதவி தேடிவந்தபோது வேண்டாம் என்று மறுத்தார். இந்த அடக்கமும் மக்களுக்குப் பிடித்திருந்தது.

இறக்கும் தறுவாயில் தம் நாட்குறிப்புகளை அழித்துவிடச் சொன்னார். அவருடைய செயலாளர் அவற்றைத் துண்டுதுண்டாக்கி அழித்தார். ஆனால், மடல்கள் பிறர் கையில் இருந்தனவே! 1992இல் அந்தோணி துவைட் தொகுத்த மடல்கள் வெளிவந்தன. 1993இல் ஆண்ட்ரூ மோஷன் எழுதிய வாழ்க்கை வரலாறு வந்தது. கறுப்பினத்தவர் மீதும் குடியேறிகள் மீதும் இழிசொற்கள். வேலைநிறுத்தம் செய்வோரைச் சிறையில் தள்ளவும் கறுப்பினத்தவரை நாட்டை விட்டுத் துரத்தவும் சொல்லும் ஒரு சிறு பாட்டு. பெண்களைப் பற்றிய கீழ்மையான பேச்சு. ஒரே காலத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட பெண்களிடம் உறவு வைத்துக்கொண்டு எவரையும் மணக்காமல் இழுத்தடித்த கதையும் வெளிச்சத்துக்கு வந்தது. தேசத்தின் நினைவுச்சின்னத்துக்கு அடியில் ஓடும் சாக்கடை இது என்ற பொருள்பட, கவிஞர் டாம் பாலின் கண்டித்து எழுதினார்.

காப்பாற்ற வந்தவர்கள் என்ன சொன்னார்கள்? அவை தனிமடல்கள், ஒவ்வொரு நண்பருக்கும் ஏற்றாற்போல் வேடம் கட்டி விளையாட்டாக எழுதியவை, மனத்தில் உள்ளவை அல்ல என்றார்கள். 2014இல் வரலாறு எழுதிய ஜேம்ஸ் பூத்தின் வாதமும் ஏறக்குறைய இதுவே. எனக்கு இது விளங்கவில்லை. விட்சன் திருமணங்களைப் பற்றிய ஒரே பாட்டை 1955இல் மேற்கொண்ட தொடர்வண்டிப் பயணத்திலிருந்து 1958வரை சுமந்து எழுதி முடித்தவர் அவர். ஒரு சொல்லை எடைபோட மாதக்கணக்கில் காத்திருப்பவர், மடல் எழுத உட்கார்ந்தால் மட்டும் சொல்லின் எடை அறியாதவர் ஆகிவிடுவாராம்! அந்த வேடத்தையும் அவர் ஒருநாள் இருநாள் கட்டவில்லை, பல்லாண்டுகள் கட்டினார். கழற்றவே கழற்றாத வேடத்துக்கு வேறு பெயர் உண்டு.

இன்னொரு வாதமும் உண்டு. லார்கின் ஜாஸ் இசையின் பித்தர். 1961 முதல் 1971வரை டெய்லி டெலிகிராஃப் நாளிதழில் ஜாஸ் இசைத்தட்டுகளைத் திறனாய்வு செய்தார். நியூ ஆர்லியன்சின் சிட்னி பெஷே மீது ஒரு பாட்டே எழுதினார். கறுப்பினக் கலைஞர்களை இப்படி நேசித்தவர் எப்படி இனவெறியர் ஆவார் என்று கேட்கிறார்கள். ஏன் ஆகக்கூடாது? இசைத்தட்டு பக்கத்து வீட்டுக்குக் குடிவராது.

சரி, அப்படியானால் பாட்டுகளைத் தூக்கி எறிந்துவிடலாமா? குற்றஞ்சாட்டுவோரிடம் எனக்குள்ள சண்டை இங்கேதான் தொடங்குகிறது. மடல்களைப் படித்த பிறகு பாட்டைப் படிக்கவே தேவையில்லை என்பதுபோல் சிலர் நடந்துகொள்கிறார்கள். நான் சொன்ன அந்த விட்சன் பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். ஹல் நகரிலிருந்து இலண்டனுக்குப் போகும் தொடர்வண்டி. வெயில் கொளுத்தும் சனிக்கிழமை. நிலையந்தோறும் திருமணக் கூட்டம் நின்று மணமக்களை வண்டியேற்றுகிறது. சன்னலோரம் அமர்ந்திருக்கும் கவிஞர் அந்த எளிய மக்களின் உடல் பருமனையும் மலிவான நகைகளையும் ஆபாசம் பேசும் மாமனையும் ஏளனத்தோடுதான் பார்க்கிறார். மடல்களில் உள்ள அதே கண்! ஆனால், வண்டி ஓட ஓட அந்த ஏளனம் அவருக்கே போதாமல் போகிறது. தம் வாழ்வில் இல்லாத ஏதோ ஒன்று அந்தப் பெட்டிகளில் ஏறியிருக்கிறது என்று உணர்கிறார். இலண்டன் நெருங்கும்போது வியப்பு மட்டுமே எஞ்சுகிறது. மடலில் ஏளனத்தோடு நின்றுவிடுகிற மனிதர் பாட்டில் அதைக் கடந்து போகிறார். இந்த வேறுபாட்டைக் காண வேண்டுமென்றால் இரண்டையும் படித்திருக்க வேண்டும். மடலை மறைப்பவர்களுக்கும் பாட்டை மறைப்பவர்களுக்கும் இது தெரியப்போவதில்லை.

2022 ஜூன் மாதத்தில் ஓ.சி.ஆர். என்னும் தேர்வு வாரியம் தன் கவிதைத் தொகுப்பிலிருந்து 15 கவிதைகளை நீக்கிவிட்டுப் பன்முகம் வேண்டும் என்று 15 புதியவற்றைச் சேர்த்தது. நீக்கியவற்றுள் லார்கினுடைய அரண்டல் கல்லறைப் பாட்டும் ஒன்று. அன்றைய கல்வி அமைச்சர் நதீம் சகாவி சீறினார். இது பண்பாட்டு நாசவேலை என்றார். தாம் பதின்ம வயதில் ஆங்கிலம் கற்றபோது இந்தப் புதிய நாட்டைத் தமக்கு உணர்த்தியவை லார்கின் கவிதைகள் என்றும் சொன்னார். அவர் ஈராக்கில் பிறந்து, சிறுவனாக இங்கிலாந்துக்கு வந்தவர். குடியேறிகளை மடல்தோறும் இகழ்ந்தவருக்காக ஒரு குடியேறி வழக்காடுகிறார்! இதைக் கேட்டுச் சிரித்தவர்கள் உண்டு. நான் சிரிக்கவில்லை. அந்தச் சிறுவனிடம் போய்ச் சேர்ந்தது பாட்டுதான். எழுதியவரின் வெறுப்பு அதைத் தடுக்கவில்லை. ஆனால், அமைச்சராக அவர் பேசியபோது மடல்களைப் பற்றியும் ஒரு சொல் சொல்லியிருக்கலாம்.

இனி அந்த அரண்டல் பாட்டு. சிச்செஸ்டர் தேவாலயத்தில் ஓர் இடைக்காலப் பிரபுவும் அவர் மனைவியும் கைகோத்துப் படுத்திருப்பதுபோல் கல்லறைச் சிற்பம் உண்டு. 1956இல் அதைப் பார்த்து எழுதியது இப்பாட்டு. அதன் கடைசி வரி அன்பைப் பற்றியது. அந்த வரியைத் திருமண வாழ்த்திலும் இரங்கல் குறிப்பிலும் பலர் எடுத்தாள்கிறார்கள். அதற்கு முந்தைய வரியிலேயே கவிஞர் இருமுறை தயங்குவதை மட்டும் விட்டுவிடுகிறார்கள்! அவ்விணையர் அப்படி நினைக்கப்படவேண்டும் என்று எண்ணியிருக்கமாட்டார்கள், அது சிற்பி செய்த ஒப்பனையாக இருக்கலாம், காலம் அவர்களை உண்மையல்லாத ஒன்றாக மாற்றிவிட்டது என்றுதான் பாட்டு முழுதும் பேசுகிறது. கோத்த கைகள் பத்தொன்பதாம் நூற்றாண்டில் சீரமைக்கப்பட்டவை என்பதையும் லார்கின் பிற்பாடு அறிந்தார். கல் மனிதரைப் பற்றிச் சொல்லும் பொய்யே அந்தப் பாட்டின் பொருள்.

2010இல் ஹல் தொடர்வண்டி நிலையத்தில் லார்கினுக்கு வெண்கலச் சிலை எழுப்பினார்கள். 2016 டிசம்பர் 2ஆம் நாள் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தின் கவிஞர் மூலையில் அவர் பெயரில் கல் பதித்தார்கள். அதில் பொறிக்கத் தேர்ந்தெடுத்தவை இந்த அரண்டல் பாட்டின் கடைசி வரிகள்! மடல்கள் வேறு, பாட்டு வேறு என்று வாதாடியவர்களே பெயரையும் பாட்டையும் ஒரே கல்லில் சேர்த்துவிட்டார்கள்.

என் வகுப்பாக இருந்தால் நான் பாட்டை நீக்கமாட்டேன். பாட்டை முதலில் தருவேன். மறுநாள் அந்தக் கல்லின் படத்தைத் தருவேன். மூத்த மாணவர்களாக இருந்தால் மூன்றாம் நாள் மடல் ஒன்றையும் தருவேன். ஆசிரியர் குறிப்பைக் கரும்பலகையில் எழுதும் வேலையை அவர்களிடமே விட்டுவிடுவேன்.