சீமைக் கருவேலத்தைத் திட்டுகிறவர்களுக்கு ஒரு விறகுக் கணக்கு

எங்கள் ராயகிரிப் பக்கம் விறகு விஷயத்தில் ரெண்டு கட்சி உண்டு. "எந்த மரமா இருந்தா என்ன, எரிஞ்சா விறகுதானே" என்பது ஒன்று. "சீமைக் கருவேலம் விஷம்யா, அதுல சோறு பொங்கினா உடம்புக்கு ஆகாது" என்பது இன்னொன்று. ரெண்டு கட்சியிலும் அடுப்பு ஊதுகிற ஆளை நான் பார்த்ததில்லை :)

முதல் கட்சி சொல்வது எடைக்கணக்கில் ஓரளவு சரி. நன்றாகக் காய்ந்த விறகு எதுவானாலும் கிலோவுக்கு 4,500 முதல் 5,000 கிலோகலோரி வரை வெப்பம் தரும். ஆனால் அடுப்பு எடை பார்ப்பதில்லை, இடம் பார்க்கிறது. அதன் வாயில் நாலு தடிதான் நுழையும். முருங்கைத் தடி நாலு வைத்தால் உலை கொதிக்கும் முன்பே சாம்பலாகிவிடும். அதே பருமனில் புளியோ சீமைக் கருவேலமோ வைத்தால் சோறு வடித்து, குழம்பும் கூட்டியபிறகு கங்கு மிச்சம் இருக்கும். மரத்தின் அடர்த்தி செய்கிற வேலை இது.

புளி அருமையான விறகுதான், மறுக்கவில்லை. ஆனால் பிளப்பதற்குள் தோள் கழன்றுவிடும். கறிக்கடையில் வெட்டுக்கட்டையாக அதைப் போடுவது சும்மா இல்லை. அதோடு வருஷா வருஷம் காய்க்கிற மரத்தை அடுப்புக்கு வெட்ட யாருக்கு மனசு வரும்? வேம்பும் நிழல் மரம். சீமைக் கருவேலமோ வெட்ட வெட்டத் துளிர்க்கும். முள்ளைத் தாண்டி எடுத்துவிட்டால், அரைகுறை ஈரத்திலும் ஒழுங்காக எரியும். அதை ஒழித்தால் அடுத்த கோடாலி எந்த மரத்தில் விழும் என்று ஒழிக்கச் சொல்கிறவர்கள் யோசித்தார்களா?

2017-இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை இந்த மரத்தை அகற்ற உத்தரவிட்டது. 2022-இல் மாநில அரசு இதுபோன்ற ஆக்கிரமிப்புத் தாவரங்களுக்கென ஒரு கொள்கை கொண்டுவந்தது. குளத்துக்குள்ளும் ஓடையிலும் மண்டி, நம்ம ஊர்ச் செடிகளை அமுக்குகிற மரம் அது. அங்கே நிற்பதை எடுக்கத்தான் வேண்டும். நான் கேட்பது, எடுத்ததை என்ன செய்கிறீர்கள் என்று. பிடுங்கிய இடத்திலேயே குவித்துத் தீ வைத்தால், ஒரு தெருவுக்கு ஆகிற விறகு யாருக்கும் உதவாமல் போகிறது.

விஷப்புகைக் கதைக்கு வருவோம். எந்த விறகுப் புகையும் நுரையீரலுக்கு நல்லதில்லை. வீட்டுக்குள் அடைகிற அடுப்புப் புகையால் 2020-இல் உலகம் முழுக்க 32 லட்சம் பேர் இறந்ததாக உலக சுகாதார நிறுவனம் மதிப்பிட்டிருக்கிறது. அதில் சீமைக் கருவேலத்துக்குத் தனிப்பாவம் எதுவும் இல்லை. புகையைக் கூட்டுவது பெரும்பாலும் ஈரம். ஒரு லிட்டர் தண்ணீரை ஆவியாக்க மட்டும் 540 கிலோகலோரி போகும். பச்சை மரத்தில் பாதி எடை தண்ணீராகக்கூட இருக்கும். தீக்குச் சூடு ஏறாது. மரத்திலிருந்து கிளம்புகிற வாயு முழுசாக எரியாமல் புகையாகிக் கண்ணைக் கரிக்கும். பாவம், ஊதுகிறவள் மரத்தைத் திட்டுவாள். நாள் பார்க்காமல் வெட்டிப்போட்டவன் தப்பித்துவிடுவான்.

ஆகவே, குளம் வற்றிக் கிடக்கும் பங்குனி, சித்திரையில் வெட்டுங்கள். பிளந்து, காற்றுப் போக அடுக்கினால் ஆனிச் சாரலுக்குள் காய்ந்துவிடும். தடிகளை விறகு எரிக்கிற வீடுகளுக்குக் கொடுத்துவிட்டு, அப்புறம் வேரைத் தோண்ட ஜேசிபியைக் கூப்பிடுங்கள்.