வில்லியமும் வில்லும்

சென்ற மாதம் எம்மூர்ப் பக்கத்தில் நடந்த ஓர் இலக்கியக் கூட்டத்திலே மாணவர் கைக்குத் துண்டுப் பிரசுரம் ஒன்று கொடுத்தார்கள். ‘பிறமொழிப் பெயர் களைவோம், தமிழ்ப் பெயர் புனைவோம்’ என்பது அதன் தலைப்பு. இடப்பக்கம் களைய வேண்டிய பெயர்கள். வலப்பக்கம் புனைய வேண்டிய பெயர்கள். நல்ல நோக்கந்தான். வீட்டுக்கு வந்து மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வரிவரியாகப் படித்தேன். ஓரிடத்தில் என் கை நின்றுவிட்டது. ‘வில்லியம்: வில்லவன். வில் என்னும் தமிழ்ச்சொல்லடியாகப் பிறந்து ஐரோப்பா சென்ற பெயர்’ என்று அங்கே அச்சிட்டிருந்தது.

இக்கருத்தை முதன்முதல் இப்பகுதியில் எழுதியவன் யார் என்பது எனக்குத் தெரியும். எழுதியவன் நானே. 1996ஆம் ஆண்டு, பண்டிதர் தேர்வில் தேறிய புதிதில், யான் அப்போது படிப்பித்த பள்ளிக்கூடத்துச் சஞ்சிகையிலே அரைப்பக்கத்தில் எழுதினேன். எழுதியது பிழை. ஏறத்தாழ முப்பதாண்டாகியும் அப்பிழை சாகாமல் உலவுகிறது. பெற்றவனே அதனை அடக்கம் செய்யவேண்டும் என்று கருதி இதனை எழுதுகிறேன்.

முதலிற் பெயரின் வரலாறு. வில்லியம் என்பது பழைய சேர்மானிய இனத்து மக்களின் பெயர். பழைய உயர்சேர்மன் மொழியில் அதன் வடிவம் வில்லஹெல்ம். இரு சொற்கள் ஒட்டி நின்ற பெயர். முன்னது ‘வில்’: விருப்பம், மனத்திட்பம். பின்னது ‘ஹெல்ம்’: போர்க்களத்திலே தலையைக் காக்கும் கவசம். முற்சொல் தமிழர்க்கு முற்றும் புதியதன்று. ஆங்கிலத்தில் இறப்போன் தன் விருப்பத்தை எழுதிவைக்கும் ஓலைக்கு வில் என்று பெயர். அதனை நம்மவர் ‘உயில்’ என்று வாங்கிக்கொண்டனர். நொத்தாரிசு மேசையிலே கிடக்கும் உயிலும் வில்லியத்தின் தலைப்பாதியும் ஒரே வேரின் கிளைகள். பிற்சொல்லோ இன்னும் அண்மையில் இருக்கிறது. கல்முனை வீதியில் மோட்டார்ச் சைக்கிளிற் செல்வோர் தலையில் வைக்கும் ஹெல்மெட் அந்தச் ஹெல்மின் வழிவந்ததே. இதனை வகுப்பிற் சொன்னபோது பிள்ளைகள் சிரித்தார்கள். சிரிக்கட்டும், சிரித்தது மறவாது.

‘மனத்திட்பத்தைத் தலைக்கவசமாக உடையோன்’ என்று இதற்கு அழகாக உரை விரிப்பவர் உண்டு. யானும் ஒருகால் அப்படி விரித்தேன். ஆயின் அம்மக்களின் பெயரிடு முறையை நோக்கின் அவ்வுரை வலிந்ததாகவே தோன்றும். வேல், ஓநாய், புகழ், ஒளி, செல்வம், காவல், கவசம் என்றாற் போன்ற சில சொற்களை வைத்துக்கொண்டு, அவற்றுள் இரண்டைக் கோத்துப் பிள்ளைக்கு இடுவர். பெற்றோர் பெயரின் ஒரு கூறு பிள்ளைக்கு இறங்கும். அதனுடன் வேறொரு கூறு சேரும். இரு கூறுக்கும் இடையே வேற்றுமையுருபு தேடுவது நம் இலக்கணப் பழக்கம். அவர்கள் அதனைத் தேடினார்கள் என்பதற்கில்லை. இங்கிலாந்தின் ஒரு பகுதியை ஆண்ட எத்தெல்வுல்பு என்பான் மக்களுட் பலருக்கு எத்தெல் என்பதே முற்கூறு: எத்தெல்பால்டு, எத்தெல்பெர்ட்டு, எத்தெல்றெட்டு. கடைக்குட்டிக்கு மட்டும் முற்கூறு மாறியது. அவனே அல்பிரட்டு என்று உலகம் புகழும் அரசன். சோழர் ஒருவர் இராசகேசரி, அடுத்தவர் பரகேசரி என்று மாறிமாறிப் பட்டந் தாங்கியதை எண்ணிப் பாருங்கள். பொருளைவிட வழிமுறையே அங்கும் பெரிது.

றொபேட் என்னும் பெயரும் இவ்வினத்ததே. ‘புகழ்’, ‘ஒளி’ என்னும் இரு கூறுடையது. தத்துவ போதகர் என்று நாம் வழங்கும் நொபிலியும், 1856இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் தந்த கால்டுவெல்லும் அப்பெயரினர். இது நிற்க.

வில்லஹெல்ம் நாடு நாடாகச் சென்ற கதை ஒலியியல் கற்போர்க்கு நல்ல விருந்து. இலத்தீன் வழிவந்த மொழிகளைப் பேசியோர்க்கு முதலில் நின்ற அவ்வுதட்டொலி வாயில் நுழையவில்லை. முன்னே ஒரு ககரத்தை நிறுத்தி அதன் கைபிடித்து உள்ளே வந்தார்கள். பிரெஞ்சிலே கியோம், இசுப்பானியத்திலே கியேர்மோ, இத்தாலியத்திலே குல்யெல்மோ. நம்மவர் ரகரத்தை மொழிக்கு முதலில் நிறுத்த மனங்கொள்ளாது ஓர் இகரத்தைத் துணைக்கு வைத்து ‘இராமன்’ என்றது போன்றதே இதுவும். தொல்காப்பியர் வடசொல் தமிழில் வரும்போது வடவெழுத்தை நீக்கி வருக என்று எச்சவியலில் வகுத்தார். அவ்விதி தமிழுக்கு மட்டும் உரியதன்று. எந்த நாட்டு நாவும் தன் எல்லைவாயிலில் இத்தகைய ஆயத்துறை ஒன்றை வைத்தே இருக்கிறது.

பிரான்சின் வடபாலிருந்த நோர்மானியர் மட்டும் பழைய உதட்டொலியைக் கைவிடவில்லை. அவர்தம் கோமகன் வில்லியம் 1066இல் கடல் கடந்து வந்து, ஏசுடிங்சுப் போரில் ஆங்கில மன்னன் அறல்டை வீழ்த்தி முடி சூடினான். அதற்கு முன் இங்கிலாந்து மக்களிடையே இப்பெயர் அரிது. பின்னரோ இரண்டு மூன்று தலைமுறைக்குள் தோற்றவர் வீடுகளிலே வென்றவன் பெயர் தொட்டிலேறிற்று. வில்லியம் ஆங்கிலேயன் பெயர், ஆண்டவன் பெயர், ஆதலின் களைக என்று நம்மிடம் கூறுவோர் இதனைக் கவனிக்க வேண்டும். ஆங்கிலேயனுக்கும் அது ஆண்டவன் பெயராகவே வந்தது. அவன் களையவில்லை. அவன் செய்தது நன்றோ தீதோ, அது வேறு வழக்கு.

இனி நம் வாவிக்கரைக்கு வருவோம். மட்டக்களப்பிலே இப்பெயர் முதலில் ஒலித்தது ஆங்கிலேயர் வாயால் என்றே பலரும் எண்ணுகின்றனர். 1628இல் போர்த்துக்கேயர் புளியந்தீவிற் கட்டிய கோட்டையை 1638இல் ஒல்லாந்தர் கைப்பற்றினார்கள். வெசுடர்வோல்ட் என்பானுடன் அம்முற்றுகையில் நின்ற தளபதியின் பெயர் வில்லெம் கொசுடர். வில்லெம் என்பது வில்லியத்தின் ஒல்லாந்து வடிவமே. 1640இல் காலிக் கோட்டையைப் பிடித்தவனும் அவனே. அதே ஆண்டில் இந்நாட்டிலேயே கொலையுண்டு மாண்டான். எனவே பெயர் முதலில் வந்தது பீரங்கியோடு.

அடுத்த வரவு வேறு வகையானது. 1813ஆம் ஆண்டின் கடைசியில் இங்கிலாந்திலிருந்து மெதடிசுத மிசனரிமார் சிறு கூட்டமாகக் கப்பலேறினார்கள். அவர்களுள் ஒருவர் வில்லியம் ஓல்ட். உடன்வந்த மனைவியை வழியிலேயே கடலுக்குக் கொடுத்தார். கூட்டத்தின் தலைவர் தோமசு கோக்கு 1814 மே மாதம் கப்பலிலேயே உயிர் துறந்தார். எஞ்சியோர் காலியில் இறங்கிப் பிரிந்தபோது ஓல்ட் பாதிரியார்க்கு மட்டக்களப்பு வாய்த்தது. தனியராக வந்தார், தமிழ் கற்றார், பள்ளிகளைத் தொடங்கினார், 1815 ஏப்ரலில் இறந்தார். ஓராண்டும் நிறையவில்லை. மட்டக்களப்பு மெதடிசுத மத்திய கல்லூரி தன் தொடக்கத்தை 1814 என்று எண்ணுவது இவரைக் கொண்டே. நகரத்தின் வாவிக்கரையிலே இவருக்குச் சிலையும் உண்டு. கால்டுவெல் பிறந்ததும் அதே 1814 என்பது நினைவில் வைக்கத்தக்கது. இவர் சமயத்தை ஏற்பதும் ஏலாததும் அவரவர் உள்ளம். சைவனாகிய யான் அச்சிலையைக் கடக்கும்போதெல்லாம், எட்டுத் திங்கள் அளவில் ஒரு மனிதன் எவ்வளவு தூரம் போகலாம் என்று வியந்தே கடக்கிறேன்.

பெரியகல்லாற்றிலும் அயலூர்களிலும் வில்லியங்கள் தோன்றியது இவருக்குப் பின் வந்த திருச்சபையின் வழியாக. அரசர் பெயர், ஆசிரியர் பெயர், ஞானத்தந்தை பெயர் என்று பல வழியாகவும் அது இறங்கியிருக்கும்.

வந்த பெயர் தமிழில் எப்படிப் பொருந்திற்று? வியக்கத்தக்கவாறு பொருந்திற்று. அதில் ஓர் எழுத்தையும் தொல்காப்பியர் தடுக்கமாட்டார். வகரம் மொழிக்கு முதலாகும், லகரம் தன்னோடு தான் மயங்கும், மகரம் ஈறாகும். காவியம், ஓவியம், இலக்கியம் என்பவற்றோடு பந்தியில் அமர்த்தினாலும் வேற்றாள் என்று தோன்றாது. அம் ஈறு அஃறிணைக்குரியதன்றோ என்று ஒரு மாணவன் கேட்டான். சுந்தரம், மாணிக்கம், சண்முகம் என்று ஆண்மக்கள் இருப்பதைக் காட்டினேன். இப்பொருத்தமே என்னை ஏமாற்றியது. வில் இருக்கிறது, வில்லி என்றால் வில்லாளி, வில்லிபுத்தூர் இருக்கிறது, சேரன் வில்லவன், ஆகவே வில்லியம் தமிழ்! ஒலி ஒத்தால் வேர் ஒன்று என்பது அரும்பு மீசைக்காரனின் சொல்லாராய்ச்சி. அதற்கு அகராதி வேண்டியதில்லை, ஆர்வம் போதும்.

பெரியோர் இவ்வாறு செய்ததில்லையா என்று கேட்பீர்கள். செய்தார்கள். காரைதீவிற் பிறந்த நம் விபுலாநந்த அடிகள் ‘மதங்க சூளாமணி’யிலே வில்லியம் சேக்சுபியரைச் ‘செகசிற்பியார்’ ஆக்கினார். உலகைச் செதுக்கிய சிற்பி! ஒலியும் நின்றது, பொருளும் பிறந்தது. ஆயின் அடிகள் அதனை மெய்யான வேர் என்று சொல்லவில்லை. புலவனுக்குப் புலவன் சூட்டிய மாலை அது. சூரியநாராயண சாத்திரியார் பரிதிமாற் கலைஞரானதும், வேதாசலம் மறைமலையானதும் தத்தம் பெயரைத் தாமே மாற்றிக்கொண்டது. யான் செய்ததோ பிறன் பெயரை மாற்றியது. அப்பிறன் பதினேழு வயதுப் பையன்.

அவன் பெரியகல்லாற்றான். கவிதை எழுதுவான். சஞ்சிகையில் அவன் பாட்டுக்குக் கீழே வில்லவன் என்று யானே அச்சிடுவித்து, அடுத்த பக்கத்தில் அந்த அரைப்பக்க ஆராய்ச்சியையும் போட்டேன். பையனுக்குத் தலைகால் தெரியாத மகிழ்ச்சி. வாசிகசாலை அட்டையிலும் பாடப் புத்தகங்களிலும் புதுப் பெயரை எழுதிக்கொண்டான். அது போர்க்காலம். ஒருநாள் சோதனைச்சாவடி ஒன்றில் அவன் பையைத் திறந்தார்கள். அடையாள அட்டையில் ஒரு பெயர், புத்தகத்தில் ஒரு பெயர். இரண்டு பெயர் உடையவன் யாராக இருப்பான் என்று அக்காலத்தில் எண்ணுவார்கள் என்பதை இங்கே விரிக்க வேண்டியதில்லை. காலையிற் பிடித்தவனை மாலையிலேதான் விட்டார்கள். அன்று நிகழ்ந்ததை அவன் இன்றுவரை என்னிடம் சொன்னதில்லை.

மறுநாள் அவனுடைய அம்மம்மா பள்ளிக்கு வந்தா. கதிரை கொடுத்தேன், இருக்கவில்லை. நின்றபடியே சொன்னா:

“வாத்தியார், இது இவன்ட அம்மப்பாட பேரு. அவரு எழுபத்தெட்டாம் ஆண்டுப் புயலோட போனாரு. பெட்டியும் போச்சு, படமும் போச்சு. பேரு ஒண்டுதான் வீட்டில மிஞ்சின. அடுத்த வருசம் இவன் பிறக்க இவனுக்கு அத வெச்சன். நீங்க படிச்சவங்க, உங்களுக்குத் தெரியாததா?”

எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். பேரன் என்னும் சொல் பெயரன் என்பதன் மரூஉ. பாட்டன் பெயரைத் தாங்குபவன் ஆதலின் அவன் பெயரன். சங்கச் செய்யுளிலேயே இவ்வழக்கு உண்டு; அதனை வகுப்பில் ஆண்டுதோறும் கரும்பலகையில் எழுதி விளக்குபவன் யான். 1978 நவம்பர் 23 இரவு இப்பகுதியில் வீசிய சூறாவளியில் வீடிழந்தோரும் உயிரிழந்தோரும் பலர். அவ்விழப்பிலிருந்து ஒரு மூதாட்டி மீட்டெடுத்த பெயரைத் தமிழ் அன்று என்று சொல்லி யான் தூக்கி எறிந்தேன். சேர்மானியச் சொல்லைக் கொண்டு அவ செய்ததே தமிழ் முறை. தமிழ்ச் சொல்லைக் கொண்டு யான் செய்தது அம்முறைக்கு மாறு.

தமிழ்ப் பெயர் இடுதல் வேண்டாம் என்று யான் சொல்வதாக எவரும் திரிக்க வேண்டா. பிறக்கும் பிள்ளைக்கு நல்ல தமிழ்ப் பெயர் இடுங்கள். பொருளற்ற ஒலிகளைக் கூட்டி, எண்சாத்திரத்துக்காக எழுத்தைக் கூட்டியும் குறைத்தும் இன்று பலர் இடும் பெயர்களைக் காண எனக்கு வயிறெரிகிறது. அவற்றோடு ஒப்பிட வில்லியத்துக்குப் பொருளேனும் உண்டு. வில்லவன் என்பதும் சேரர்க்குரிய அருமையான பெயர். விரும்புவோர் தாராளமாக இடலாம். இட்டு வழங்கி வேரோடிய பெயரைக் களை என்று மாணவனிடம் சொல்ல மட்டும் நமக்கு உரிமை இல்லை. அப்பெயரை இட்டவர் உயிரோடு இருக்கக்கூடும். கூட்டத்துக்கு அவர் வரமாட்டார். துண்டுப் பிரசுரத்தைப் படிக்கவும் மாட்டார்.

பிரசுரம் வெளியிட்ட இளைஞர்களுக்குக் கடிதம் எழுதி, அவ்வரியை நீக்குமாறும், நீக்க மனமில்லையேல் ‘வில் என்னும் தமிழ்ச்சொல்லடியாக’ என்னும் பொய்யையாவது நீக்குமாறும் கேட்டிருக்கிறேன். இதை எழுதும் வரை மறுமொழி வரவில்லை.

அந்த மாணவர் இப்போது நாற்பத்தாறு வயதினர். சென்ற தைப்பொங்கலுக்கு மகனோடு வீட்டுக்கு வந்தார். மகனுக்குத் தூய தமிழ்ப் பெயர் இட்டிருக்கிறார். அதன் முன்னே தந்தை பெயரின் முதலெழுத்தாக ‘வி’ நிற்கிறது. ‘அது எதற்குரிய வி, தம்பி?’ என்று கேட்டேன். ‘உங்களுக்குப் பிடித்தபடி வைத்துக்கொள்ளுங்கள், சேர்’ என்று சிரித்துவிட்டு, பையனைப் பொங்கல் உண்ண அழைத்தார்.