படச்சுருளும் பட்டியலும்

உலகின் பல நாடுகளில் பலர் எடுத்திருந்த படத்துண்டுகளைத் தேடித் திரட்டி, ஏ.கே. செட்டியார் 1940இல் தமிழில் வெளியிட்ட காந்தி ஆவணப்படத்தின் ஆங்கில வடிவம், பல பத்தாண்டுகள் கழித்து அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரப் பல்கலைக்கழகம் ஒன்றில்தான் கண்டெடுக்கப்பட்டது என்பது, காட்சிப் பதிவுகளைப் பேணுவதில் நாம் காட்டிய அலட்சியத்துக்கு வேதனையான சான்று. பழைய நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றக்கூடியது. அதற்குப் பின் வந்த அசிடேட் சுருளோ வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து, பெட்டியைத் திறந்ததும் காடி நெடி வீச, சுருங்கி நெளிந்து, கருவியின் பற்சக்கரத்தில் ஏறாத நிலையை அடைகிறது. தொலைக்காட்சியின் தொடக்ககால காந்த நாடாக்களுக்கு, அவற்றை ஓட்டும் கருவிகளே அருகிவிட்டன.

பேணுவது பாதி வேலைதான்; பேணியதை வேண்டியவர் தேடிக் கண்டு பயன்படுத்தச் செய்வது மறுபாதி. பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் தன் செய்திப்படங்களில் ஏறத்தாழ 85,000ஐ 2014இல் யூடியூபில் எவரும் காணும்படி வைத்ததால், தயாரிப்பாளர் வேண்டிய காட்சியைத் தேர்ந்தபின் உரிமத்தொகை செலுத்திப் பெற முடிகிறது. 1948இல் தோன்றிய, அரசின் ஆவணப்பட நிறுவனமான பிலிம்ஸ் டிவிஷனும், 1964இல் புனேயில் நிறுவப்பட்ட தேசியத் திரைப்படக் காப்பகமும் 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தின்கீழ் கொண்டுவரப்பட்டுவிட்ட நிலையில், ஒவ்வொரு சுருளிலும் எந்த இடம், எந்த நாள், எவர் உருவம் பதிவாகியுள்ளன என்று காட்சிவாரியாகக் குறிக்கும் விவரப்பட்டியலைத் தமிழ் உள்ளிட்ட மொழிகளில் வெளியிடுவதும், சிறிய தொலைக்காட்சிகளுக்கும் கட்டுப்படியாகும் கட்டணத்தை அறிவிப்பதும் அரசு உடனடியாகச் செய்ய வேண்டிய பணிகள்.