அலையின் உயரம் இருக்கட்டும்... நொடி எத்தனை?

கன்னியாகுமரி மாவட்டம் கணபதிபுரத்தை ஒட்டிய லெமூர் பீச்சில், 2024 மே 6-ம் தேதி மருத்துவ மாணவர்கள் 5 பேரை அலை இழுத்துச் சென்றது. ஐந்து பேருமே பிழைக்கவில்லை. அன்று புயல் எதுவும் இல்லை. ஆனால், 'கள்ளக்கடல்' வரும் என்று ஹைதராபாத்தில் உள்ள கடல் தகவல் மையமான இன்காய்ஸ் முன்பே எச்சரித்திருந்தது. காற்றோ மழையோ இல்லாமல் திருடன் மாதிரி வருவதால் கேரள மீனவர்கள் வைத்த பெயர் அது.

அந்தத் திருடனைக் கரையில் நின்று கண்டுபிடிப்பது கஷ்டம். கடலில் நங்கூரமிட்டு நிற்கும் மிதவை கண்டுபிடித்துவிடும். அலையோடு ஏறி இறங்கி, உயரம், திசை, இடைவெளி மூன்றையும் அளந்து அனுப்புவதுதான் அதன் வேலை. கொல்லம், புதுச்சேரி உட்படப் பல இடங்களில் இன்காய்ஸ் மிதவைகள் வைத்திருக்கிறது. அவை தரும் அளவுகளை அதன் இணையதளத்தில் பார்க்கலாம்.

பார்த்தவுடன் கண் உயரத்துக்குத்தான் போகும். 1 மீட்டர் என்றால், 'இடுப்பளவுதானே' என்று தோன்றும். ஏமாறுவது அங்கேதான். அது அதிகபட்ச உயரம் இல்லை. வந்த அலைகளில் பெரியவையாக மூன்றில் ஒரு பங்கை எடுத்துப் போட்ட சராசரி. அதைப்போல இரு மடங்கு அலையும் நடுவில் ஒன்று வரலாம்.

அதைவிட முக்கியம், நொடிக் கணக்கு. ஓர் அலைக்கும் அடுத்த அலைக்கும் உள்ள இடைவெளி அது. 5, 6 நொடி என்றால் பக்கத்துக் காற்று கிளப்பிய அலை. 15 நொடியைத் தாண்டினால், ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி எங்கோ வீசிய புயலின் அலை. ஆழ்கடலில் 6 நொடி அலையின் நீளம் சுமார் 56 மீட்டர். 18 நொடி அலைக்கோ 500 மீட்டர்! ஆழம் குறைந்த கரைக்கு வரும்போது அது உயர்ந்து எழுந்து, பாறையில் நிற்பவரின் காலை வாரிவிடும். பெரிய அலைகள் கூட்டமாக வந்துபோன பிறகு சில நிமிடம் கடல் அமைதியாகவும் இருக்கும். செல்ஃபிக்கு இறங்குவது அந்த நேரத்தில்தான்.

சென்னைக்கு அருகே கோவளத்தில் சர்ஃபிங் பலகையோடு காத்திருப்பவர்கள் தேடுவதும் இந்த நீண்ட நொடியைத்தான். பேன்ட்டை மடித்துக்கொண்டு இறங்குபவருக்கு அது வேறு கணக்கு.

திசையையும் பாருங்கள். தெற்கிலிருந்து வரும் அலையைக் கன்னியாகுமரி நேராக வாங்கும்; இலங்கையின் மறைவில் உள்ள பாக் நீரிணைக் கரைக்கு அவ்வளவாக எட்டாது.

ஒருமுறை பார்த்தால் போதாது. நீண்ட நொடி அலைகள்தான் முதலில் வந்து சேரும். உயரம் பிறகுதான் ஏறும். காலையில் 9 நொடி காட்டிய மிதவை மதியம் 18 காட்டினால், உயரம் அரை மீட்டர்தான் என்றாலும் அன்று பாறைப் பக்கம் போக வேண்டாம்.