காசு வாங்கிவிட்டு உரிமை இல்லை என்பதா?

கைபேசி விளையாட்டுக்குள் விற்கப்படும் ஆயுதங்களையும் உடைகளையும் காசு கொடுத்து வாங்கியவர் அவற்றைப் பிறருக்கு விற்கக் கூடாது. மீறினால் அவருடைய ஐடி, அதாவது விளையாட்டுக் கணக்கு, முடக்கப்படும். அதுவரை செலவழித்ததெல்லாம் அதோடு போய்விடும். அதே பொருள்களை நிறுவனம் மட்டும் எத்தனை லட்சம் பேருக்கு வேண்டுமானாலும், தான் வைத்த விலைக்கு விற்றுக்கொண்டே இருக்கலாம். இந்த ஒருதலை ஒப்பந்தத்தைப் பெரிய அளவில் நடத்தும் நிறுவனங்களில் முதன்மையானது பெங்களூரிலிருந்து இயங்கும் கிராஃப்டன் இந்தியா. அதன் விளையாட்டான பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா, அதாவது பிஜிஎம்ஐ, 20 கோடிப் பதிவிறக்கங்களைத் தாண்டியதாக நிறுவனமே அறிவித்திருக்கிறது. அந்த வாடிக்கையாளர்களை நிறுவனம் நடத்தும் விதத்தை நாம் வன்மையாகக் கண்டிக்கிறோம். தெரிந்தும் தலையிடாமல் இருக்கும் மத்திய, மாநில அரசுகளும் இந்தக் கண்டனத்துக்கு உரியவையே.

விளையாடிப் பழக்கமில்லாத வாசகர்களுக்காக நடைமுறையைச் சொல்லிவிட வேண்டும். யுபிஐ வழியாக ரூபாய் செலுத்தி ‘யூசி’ என்ற விளையாட்டு நாணயத்தை வாங்க வேண்டும். டாப்-அப் செய்வது என்று பிள்ளைகள் சொல்வது இதைத்தான். பிறகு அந்த யூசியைக் கொடுத்துக் ‘கிரேட்’ என்ற பெட்டியைத் திறக்க வேண்டும். உள்ளே என்ன இருக்கும் என்று திறப்பவருக்குத் தெரியாது. எம்416 துப்பாக்கிக்கான கிளேசியர் ஸ்கின் என்ற அலங்காரமோ, எக்ஸ்-சூட் என்ற உடையோ கிடைக்கும் என்று நம்பி ஆயிரக்கணக்கில் கரைத்த இளைஞர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். ரூபாய் யூசியாக மாறிய உடனேயே எவ்வளவு செலவழிக்கிறோம் என்ற உணர்வும் மங்கிவிடுகிறது. விளையாட்டு நாணயத்தில் விலை காட்டும் இடத்திலெல்லாம் உண்மைப் பண விலையையும் காட்ட வேண்டும் என்று ஐரோப்பிய நுகர்வோர் பாதுகாப்பு அமைப்புகள் 2025 மார்ச்சில் நெறிமுறை வெளியிட்டதற்குக் காரணம் இதுதான்.

இவ்வளவு செலவழித்து வாங்கியது யாருக்குச் சொந்தம்? விதிமுறைகளைப் படித்தால் விடை தெரியும். பயன்படுத்திக்கொள்ள அனுமதி மட்டுமே தரப்படுகிறது. அதை இன்னொருவருக்கு மாற்ற முடியாது. பணமாகத் திரும்பப் பெற முடியாது. நிறுவனம் விரும்பினால் அனுமதியை விலக்கிக்கொள்ளலாம். ஆனால் காசு கட்டும் திரையில் இருப்பது ‘வாங்கு’ என்ற பொத்தான். பெங்களூர் எஸ்.பி. ரோட்டுக் கடைகளில் பழைய போனைக் கொடுத்து நியாயமான விலை பேசிவிட்டு வரலாம். அந்தப் போனின் விலையைவிடக் கூடுதலாக அதற்குள்ளிருக்கும் விளையாட்டில் போட்டிருந்தாலும் அதில் ஒரு ரூபாய்கூடத் தேறாது. கலிபோர்னியா மாநிலத்தில் 2025 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள சட்டப்படி, வெறும் அனுமதியை மட்டும் தரும் டிஜிட்டல் விற்பனையாளர் அதை வெளிப்படையாகச் சொல்லாமல் ‘வாங்கு’ என்ற சொல்லைப் பயன்படுத்த முடியாது. அந்த அளவு நேர்மைகூட இங்குள்ள வாடிக்கையாளருக்குக் கிடைக்கவில்லை.

மறுவிற்பனையைத் தடுப்பதற்கு நிறுவனங்கள் காட்டும் காரணங்களை நாம் ஒதுக்கித் தள்ளவில்லை. மோசடி பெருகும், தானியங்கி நிரல்களை வைத்துப் பொருள் திரட்டுவார்கள், சிறுவர்கள் சூதாட்டத்துக்குள் இழுக்கப்படுவார்கள் என்கிறார்கள். மூன்றும் வெளிநாடுகளில் நடந்தவையே. வால்வ் நிறுவனத்தின் கவுன்டர்-ஸ்டிரைக் விளையாட்டில் கிடைத்த ஸ்கின்களைப் பந்தயமாக வைத்து ஆடும் தளங்கள் பெருகி, 2016 ஜூலையில் அவற்றுக்கு வால்வ் நோட்டீஸ் அனுப்ப வேண்டிவந்தது. பிளிஸார்ட் நிறுவனம் டயப்லோ 3 விளையாட்டுக்காக 2012இல் திறந்த உண்மைப் பண ஏலச் சந்தையை 2014 மார்ச்சில் மூடியது. மறுவிற்பனை இருந்துவிட்டால் மட்டும் வாங்கியவர் காப்பாற்றப்பட்டுவிட மாட்டார். 2025 அக்டோபரில் வால்வ் ஒரே ஒரு விதியை மாற்றியபோது, ஸ்கின் சந்தையின் மதிப்பில் ஏறத்தாழ 200 கோடி டாலர் ஓரிரு நாளில் கரைந்ததாகக் கணக்கிடப்பட்டது. எனவே கட்டுப்பாடற்ற சந்தையை நாம் கேட்கவில்லை. வாங்கியவரை மட்டும் கட்டிப்போட்டு, விற்றவரை அவிழ்த்துவிடும் கட்டுப்பாட்டைத்தான் எதிர்க்கிறோம்.

தடை போட்டதால் விற்பனை நின்றுவிட்டதா என்றால் அதுவும் இல்லை. டெலிகிராமிலும் இன்ஸ்டாகிராமிலும் ஐடி விற்பனை வெளிப்படையாக நடக்கிறது. தனித்தனியாகப் பொருளை மாற்ற வழியில்லாததால் கணக்கையே மொத்தமாக விற்கிறார்கள். மிடில்மேன் ஒருவர் நடுவில் நிற்பார். பணத்தோடு அவரே மறைந்துபோவதும் உண்டு. விற்றவர் சில நாள் கழித்து, முதலில் இணைத்திருந்த மின்னஞ்சல் வழியாகக் கணக்கை மீட்டுக்கொள்வதும் பரவலான ஏமாற்று வேலை. ஏமாந்தவர் நிறுவனத்திடம் முறையிட்டால், விதியை மீறியதற்காக ஐடி முடக்கப்படுமோ என்று அஞ்சுகிறார். 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழைக்கவும், தானே தவறு செய்தவர் என்ற நினைப்பு அவரைத் தடுக்கிறது. ஏமாந்தவர்களில் பலர் பள்ளி, கல்லூரிப் பிள்ளைகள். வீட்டில் சொல்லும் துணிவும் அவர்களுக்கு இருப்பதில்லை. பாதுகாப்புக்காக என்று சொல்லிப் போடப்பட்ட தடை, பாதுகாப்பே இல்லாத இடத்துக்கு அவர்களைத் தள்ளியிருக்கிறது. இதற்கான பொறுப்பிலிருந்து நிறுவனங்கள் நழுவ நாம் இடம்தரக் கூடாது.

பிள்ளைகள் மீதான அக்கறை என்று சொல்வதையும் ஆராய வேண்டும். 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ வந்தபோது, 18 வயதுக்கு உட்பட்டோர் நாளொன்றுக்கு 7,000 ரூபாய் வரை செலவழிக்கலாம் என்று உச்சவரம்பு வைக்கப்பட்டது. மாதத்துக்கு 2,10,000 ரூபாய்! ஒரு சிறுவனுக்கு இதைப் பாதுகாப்பு வரம்பு என்று எழுதிய நிறுவனம், அதே சிறுவன் தன் ஸ்கின்னை நண்பனுக்கு விற்றால் மட்டும் ஆபத்து என்கிறது. இந்திய ஒப்பந்தச் சட்டப்படி மைனர் செய்யும் ஒப்பந்தம் செல்லாது. 1903இல் மோஹரி பீபி வழக்கில் பிரிவி கவுன்சில் உறுதிசெய்த விதி அது. அப்படியிருக்க, பெற்றோரின் கைபேசியிலிருந்து பிள்ளை கட்டிய தொகையைத் திருப்பித் தர மறுக்கும் விதிமுறை எந்த நியாயத்தில் நிற்கிறது?

வாங்கியவருக்கு உரிமை இல்லை என்றால் என்ன ஆகும் என்பதை 2020லேயே பார்த்துவிட்டோம். செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு 118 செயலிகளைத் தடைசெய்தது. பிஜிஎம்ஐக்கு முன்னோடியான பப்ஜி மொபைலும் அவற்றில் ஒன்று. அக்டோபர் 30 அன்று அதன் சர்வர்கள் இந்தியாவில் நிறுத்தப்பட்டன. காசு கொடுத்து வாங்கிய அத்தனையும் ஒரே நாளில் எட்டாமல் போயின. அடுத்த ஆண்டு பிஜிஎம்ஐ வந்தபோது பழைய கணக்கை மாற்றிக்கொள்ள நிறுவனம் வழிவிட்டது. 2021 முடிவோடு அந்த வழியும் மூடப்பட்டது. 2022 ஜூலை 28 அன்று பிஜிஎம்ஐயும் ஆப் கடைகளிலிருந்து நீக்கப்பட்டு, 2023 மே மாதம்தான் திரும்பியது. நாட்டின் பாதுகாப்புக்காக அரசு எடுத்த முடிவுகளை இங்கே விவாதிக்கவில்லை. ஆனால் பணம் கட்டியவருக்கு என்ன ஈடு என்று ஆணையிட்ட அரசும் கேட்கவில்லை, பணம் வாங்கிய நிறுவனமும் சொல்லவில்லை. பழைய பொருள்கள் திரும்பக் கிடைத்தவர்களுக்கு அது நிறுவனம் காட்டிய சலுகை. உரிமையாக அவர்கள் கேட்டுப் பெற்றதல்ல.

கிராஃப்டனின் தாயகம் தென் கொரியா. அங்கே நிலைமை வேறு. லினேஜ் விளையாட்டின் நாணயத்தைப் பணத்துக்கு விற்ற இருவரை 2009 இறுதியில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் குற்றமற்றவர்கள் என்று விடுவித்தது. தானியங்கி நிரல்களால் திரட்டிய பொருள்களையும் சூதாட்டப் புள்ளிகளையும் தொழிலாக வாங்கி விற்பதைச் சட்டம் தடுக்கிறது. மற்றபடி ஐட்டம்பே, ஐட்டம்மேனியா போன்ற பரிமாற்றத் தளங்கள் வெளிப்படையாக இயங்குகின்றன. கிரேட்டில் எந்தப் பொருள் எத்தனை விழுக்காடு வாய்ப்பில் வரும் என்பதை வெளியிடுவது 2024 மார்ச் 22 முதல் சட்டக் கட்டாயம். மேப்பிள்ஸ்டோரி விளையாட்டில் வாய்ப்பு விகிதத்தை மறைத்து மாற்றியதற்காக நெக்ஸான் நிறுவனத்துக்கு 1,160 கோடி வோனுக்கு மேல் அபராதம் விதித்தார்கள். இங்கே அப்படிப்பட்ட சட்டம் எதுவுமில்லை; ஆப்பிள், கூகுள் கடைகள் வைத்திருக்கும் விதியைத்தான் நம்பியிருக்க வேண்டியுள்ளது. சொந்த நாட்டில் சட்டத்துக்குக் கட்டுப்படும் தொழில், பெங்களூருக்கு வந்ததும் தன் விதியையே சட்டமாக வைத்துக்கொள்ள நாம் அனுமதித்திருக்கிறோம்.

இந்திய அரசின் நிலைப்பாடு இன்னும் வேதனை தருகிறது. மெய்நிகர் டிஜிட்டல் சொத்தை விற்றால் வரும் ஆதாயத்துக்கு 2022 ஏப்ரல் 1 முதல் 30 விழுக்காடு வரி உண்டு. வரி வாங்கும்போது என்எஃப்டி என்ற டிஜிட்டல் அட்டை சொத்தாகிறது. 2025 ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்ற இணைய விளையாட்டு மேம்பாடு, ஒழுங்குமுறைச் சட்டம், காசு கொடுத்து வாங்கிய நாணயம், டோக்கன், பொருள் எதுவாயினும், அது மெய்நிகராக இருந்தாலும், பணத்துக்கு ஈடான பந்தயப் பொருளாகக் கொள்கிறது. பணப் பந்தய விளையாட்டு நடத்துவோருக்கு மூன்றாண்டு வரை சிறை, ஒரு கோடி ரூபாய் வரை அபராதம். தண்டிக்கும்போதும் அதற்கு மதிப்பு உண்டு. கிரிப்டோ நாணயம் சொத்தே என்று 2025 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றம் வசீர்எக்ஸ் என்ற கிரிப்டோ பரிமாற்றத் தளம் தொடர்பான வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. வாங்கியவர் தன் பொருளைக் கேட்டு வரும்போது மட்டும் அதற்கு மதிப்பில்லை என்று அரசும் ஒதுங்கிக்கொள்கிறது.

நிறுவனங்கள் தங்கள் வருமானத்தைக் காக்க நீதிமன்றம் செல்லத் தயங்குவதே இல்லை. 2025 சட்டம் வந்த சில நாள்களிலேயே ரம்மி நிறுவனமொன்று கர்நாடக உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது. அத்தகைய வழக்குகளை செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தன்னிடம் மாற்றிக்கொண்டது. கிரிக்கெட் வீரர்களின் டிஜிட்டல் அட்டைகளை யார் விற்கலாம் என்று ராரியோ நிறுவனம் பெங்களூரின் எம்பிஎல் விளையாட்டுச் செயலிக் குழுமத்தோடு டெல்லி உயர் நீதிமன்றத்தில் மோதியது. 2023 ஏப்ரலில் இடைக்காலத் தடை மறுக்கப்பட்டது. இந்த வழக்குகளில் எதுவும் டிஜிட்டல் பொருளைக் காசு கொடுத்து வாங்கியவரின் உரிமைக்காகத் தொடுக்கப்பட்டதல்ல.

அவருக்காகப் பேச ஏற்கெனவே ஒரு சட்டம் இருக்கிறது. 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் மின்வணிகத்தில் டிஜிட்டல் பொருள்களையும் சேர்த்திருக்கிறது. தக்க காரணமின்றி ஒப்பந்தத்தைத் தன்னிச்சையாக முறிக்க ஒரு தரப்புக்கு அதிகாரம் தருவது நியாயமற்ற ஒப்பந்தம் என்றும் அது சொல்கிறது. ஐடி முடக்கும் விதிமுறையை இந்த வரையறையோடு ஒப்பிட்டுப் பார்க்க வழக்கறிஞர் தேவையில்லை. ஆனால் நியாயமற்ற ஒப்பந்தம் பற்றிய புகாரை மாவட்ட ஆணையம் விசாரிக்க முடியாது. மாநில ஆணையத்துக்குத்தான் போக வேண்டும். 3,000 ரூபாய் இழந்த பெல்லாரி மாணவர் அங்கே எத்தனை முறை போய்வருவார்? கோவை மாணவர் எத்தனை முறை அலைவார்?

கிராஃப்டன் இந்தியா உடனே செய்ய வேண்டியவை உண்டு. விலையை ரூபாயில் காட்ட வேண்டும். தருவது அனுமதி மட்டுமே என்றால் காசு கட்டும் திரையிலேயே பெரிய எழுத்தில் தமிழிலும் கன்னடத்திலும் அதைச் சொல்ல வேண்டும். முன்னறிவிப்பும் மேல்முறையீடும் இல்லாமல் எந்தக் கணக்கையும் நிரந்தரமாக முடக்கக் கூடாது. அடையாளம் சரிபார்க்கப்பட்ட பெரியவர்கள் விளையாட்டுக்குள்ளேயே, விலை உச்சவரம்போடு பொருளைக் கைமாற்ற வழிசெய்ய வேண்டும். அதைச் செய்ய மனமில்லையென்றால் கிரேட் விற்பனையை நிறுத்த வேண்டும்.

மத்திய மின்னணு, தகவல் தொழில்நுட்ப அமைச்சகம், இணைய விளையாட்டுச் சட்டத்தின் விதிகளில் பந்தயப் பொருளையும் காசு கொடுத்து வாங்கிய பொருளின் நேர்மையான கைமாற்றத்தையும் பிரித்துக் காட்ட வேண்டும். கிரேட் வாய்ப்பு விகிதத்தை வெளியிடுவதைக் கட்டாயமாக்க வேண்டும். 2023 நவம்பரில் 13 வகை ஏமாற்று வடிவமைப்புகளைத் தடைசெய்த மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம், புகாருக்குக் காத்திராமல் தானாகவே விசாரணை தொடங்கலாம். அந்த அதிகாரத்தை இந்த விளையாட்டுக் கடைகள் மீது அது பயன்படுத்த வேண்டும். இணைய விளையாட்டு உள்ளிட்ட துறைகளை ஈர்க்க 2024இல் தனிக் கொள்கை அறிவித்த கர்நாடக அரசு, சலுகை பெறும் ஒவ்வொரு நிறுவனமும் வாடிக்கையாளர் குறைதீர்ப்பு அலுவலரைப் பெங்களூரில் அமர்த்த வேண்டும் என்று நிபந்தனை விதிக்க வேண்டும். நியாயமற்ற ஒப்பந்தப் புகார்களை மாவட்ட ஆணையங்களே விசாரிப்பதற்கான சட்டத் திருத்தத்தை மத்திய அரசு நாடாளுமன்றத்தின் அடுத்த கூட்டத்தொடரிலேயே கொண்டுவர வேண்டும்.